ஏழு வன்னியும் ஒரு சிவப்புப் பட்டையும்

1

இந்தக் கதை எங்கிருந்து பிறந்தது என்று முதலிலேயே சொல்லிவிடுகிறேன். பிறகு நீங்கள் தோண்டிக்கொண்டிருக்க வேண்டாம். ஒரு புகைப்படத்திலிருந்து பிறந்தது. வியாழக்கிழமை காலை பத்தேகாலுக்கு, அருப்புக்கோட்டையில் நான் வேலை பார்க்கும் கல்லூரியின் தாவரவியல் ஆய்வகத்தில் நுண்ணோக்கிக் கண்ணாடித் தகடுகளைத் துடைத்துக்கொண்டிருந்தபோது வாட்ஸ்அப்பில் வந்தது. வேரோடு பிடுங்கிப் போட்ட நான்கு மரங்கள். பக்கத்தில் ஒரு ஜேசிபி. ஐந்தாவது மரத்தை இரண்டு கைகளாலும் கட்டிப்பிடித்தபடி ஒரு பெண். முகம் மரத்தில் புதைந்திருந்தது. படத்துக்குக் கீழே: ‘மேடம், வன்னியையும் எடுக்கச் சொல்லித்தானே போட்டிருக்கு? ஒரு தடவ பாத்துச் சொல்லுங்க. இங்க பிரச்சன.’

அனுப்பியவன் ஹாரிஸ். வீரசோழன்காரன். எங்கள் கல்லூரியில் படித்தவன். நான்கு வருடம் துபாயில் இருந்துவிட்டுத் திரும்பி, கண்மாய்களிலும் அவற்றை ஒட்டிய நிலங்களிலும் சீமைக்கருவேலத்தை அகற்றும் ஒரு ஒப்பந்த நிறுவனத்தில் மேற்பார்வையாளனாக இருக்கிறான். மரத்தைக் கட்டிக்கொண்டு நின்றவள் தங்கமாரி. திருச்சுழிக்குத் தெற்கே ஒரு சிற்றூர். ஒரு குறுக்கம், அதாவது ஏறக்குறைய ஒரு ஏக்கர் புஞ்சை, அதன் வரப்பில் ஏழு வன்னி மரம், பதினான்கு ஆடு. அவ்வளவுதான் அவளுடைய சொத்து விவரம்.

வன்னி ஒரு பிடிவாதக்கார மரம். சித்திரை வைகாசியில் மற்றதெல்லாம் கருகி நிற்கும்போது அது துளிர்விடும். அந்த இரண்டு மாதமும் தங்கமாரியின் ஆடுகள் உயிரோடு இருப்பது இந்த ஏழு மரத்துக் குழையால்தான். ஏழு இப்போது மூன்றாகிவிட்டது. பங்குனி முடிய இன்னும் சில நாள்தான் இருக்கிறது.

புகைப்படத்திலிருந்து பிறந்தது என்றேன் அல்லவா, அது பாதிப் பொய். மீதியை மூன்றாம் பகுதியில் சொல்கிறேன். இப்போது சொல்லத் தைரியம் வரவில்லை.

2

முதல் தொடக்கம்: ‘வறண்ட கரிசல் பூமியில் வெயில்

[அடித்துவிட்டேன். ‘திருச்சுழி’ என்று எழுதியவுடனே ‘வறண்ட’ தானாக வந்து உட்கார்ந்தது. நான் கூப்பிடவே இல்லை. ‘கிராமத்துக் கதை’ என்ற குடும்பத்தில் இந்தக் கதையைச் சேர்த்துவிட்டேன் போலிருக்கிறது. அந்தக் குடும்பத்துக்கென்று சில குணங்கள் உண்டு. வெடித்த நிலம், வெள்ளந்தி மனிதர்கள், கடைசிப் பத்தியில் மழை. அத்தனையும் வரிசையாக இறங்கி வரத் தொடங்கின. சொல்லிவைக்கிறேன்: இந்தக் கதையில் மழை பெய்யாது.]

இரண்டாம் தொடக்கம்: ‘ஹாரிஸுக்கு எல்லா மரமும் ஒன்றுதான். கண்ணில் கறுப்புக் கண்ணாடி, கையில் பெரிய போன், வாயில் ஒரே சொல்: எடு. அவன் கை காட்டிய இடத்திலெல்லாம் ஜேசிபி’

[இதையும் அடித்துவிட்டேன். ஆசையாகத்தான் இருந்தது. கோபத்தைக் கொட்ட ஓர் ஆள் கிடைத்தால் கதை தானாக ஓடும். ஆனால் இதை எழுதுவதற்கு முன்பே ஹாரிஸிடம் போனில் பேசியிருந்தேன். அதைக் கேட்ட பிறகும் இப்படி எழுதினேன் என்பதுதான் எனக்கே அசிங்கமாக இருக்கிறது.]

போனில் நான் எடுத்த எடுப்பில் கத்தினேன்.

“ஏன்டா, வன்னி முள்ளு எது, கருவ முள்ளு எதுனு தெரியாதா ஒனக்கு? மூணு வருசம் என்னத்தப் படிச்ச?”

“தெரிஞ்சுச்சு மேடம். முள்ளு சின்னதா இருந்துச்சு, எல வேற மாதிரி இருந்துச்சு. வன்னினு தெரிஞ்சுதான் வண்டிய நிப்பாட்டச் சொன்னேன். அந்தக்காவும் வன்னி வன்னினு கத்துறாக. எதுக்கும் பாத்துருவோம்னு கலைக்களஞ்சியத்துல உங்க பக்கத்தத் தொறந்தேன். வன்னினுதான் போட்டிருக்கு, படமும் வன்னிதான். பொட்டிக்கு மேல செவப்புல ‘அயல் ஆக்கிரமிப்புத் தாவரம், அகற்றப்பட வேண்டியது’னு இருக்கு. சரி, வன்னியும் லிஸ்ட்டுல வந்துருச்சு போலனு நெனச்சேன்.”

“போலனு நெனச்சியா?”

“நீங்கதான மேடம் சொன்னீக. சந்தேகம் வந்தா ஆள்ட்ட கேக்காத, நாலு பேரு நாலு விதமாச் சொல்வான், கலைக்களஞ்சியத்தப் பாருனு.”

சொன்னேன். கல்லூரியில் நடந்த பயிற்சி முகாமில், ஒலிபெருக்கியில் சொன்னேன். கைதட்டினார்கள்.

இதில் என்னைக் கொல்லுவது ஒன்றுதான். ஹாரிஸ் அலட்சியக்காரனாக இருந்திருந்தால், அந்த அக்கா போட்ட சத்தத்துக்கே பயந்து வண்டியைத் திருப்பிக்கொண்டு போயிருப்பான். ஏழு மரமும் நின்றிருக்கும். அவன் பொறுப்பானவன். சரிபார்த்தான். அதனால் நான்கு போயிற்று.

3

கலைக்களஞ்சியத்தைப் பற்றி. யார் வேண்டுமானாலும் எழுதலாம், திருத்தலாம் என்ற வகை இணையக் கலைக்களஞ்சியம். அதில் தமிழில் செடிகொடிகளைப் பற்றி எழுதுகிற ஒருசிலரில் நானும் ஒருத்தி. ஒரு மரத்தின் பக்கத்தைத் திறந்தால் ஓரத்தில் ஒரு பெட்டி இருக்கும். வகைப்பாட்டுப் பெட்டி. திணை, வரிசை, குடும்பம், பேரினம், இனம் என்று அந்த மரத்தின் வம்சம் அதில் இருக்கும். முன்பெல்லாம் ஒவ்வொரு பெட்டியையும் கையால் நிரப்புவோம். முந்நூறுக்கு மேல் நானே நிரப்பியிருக்கிறேன். அறிஞர்கள் ஒரு குடும்பத்தின் பெயரை மாற்றினால் போச்சு, அத்தனை பக்கத்துக்கும் போய்க் கையால் மாற்ற வேண்டும்.

அதற்குத்தான் தானியங்கிப் பெட்டி. இந்த யோசனையைக் கொண்டுவந்தவன் சதீஸ்குமார். காரியாபட்டிக்காரன், பெங்களூரில் மென்பொருள் வேலை, என்னை அக்கா என்பான். இருவரும் சேர்ந்து எட்டு மாதம் உழைத்துத் தமிழுக்கு அதைக் கொண்டுவந்தோம். அதில் ஒவ்வொரு உயிரிடமும் ஒரே ஒரு கேள்விதான்: உன் பெற்றோர் யார்? வன்னி தன் பேரினத்தின் பெயரைச் சொல்லும். பேரினம் தன் குடும்பத்தைச் சொல்லும். குடும்பம் தன் வரிசையை. மீதியைப் பெட்டி தானே ஏறிப்போய் எடுத்துவந்து காட்டும். மேலே ஓர் இடத்தில் மாற்றினால் கீழே இருக்கிற அத்தனையும் மாறும். அழகான ஏற்பாடு. இப்போதும் அழகு என்றுதான் சொல்வேன், அதுதான் எனக்கு எரிச்சல்.

இந்தப் பெட்டியில் ஒரு வரியைக் கூடுதலாகச் சேர்த்தது நான். ‘சூழல் நிலை’. சீமைக்கருவேலத்துக்காகவே சேர்த்தேன். சேர்த்த அன்று பிற்பகல், பந்தல்குடி சாலை பிரியும் விலக்கில் என் ஸ்கூட்டி டயரில் கருவை முள் ஏறிவிட்டது. வெயிலில் தள்ளிக்கொண்டு வந்தேன். கல்லூரிக்கு வந்து சேர்ந்தபோது உடம்பெல்லாம் கோபம். உட்கார்ந்த வேகத்தில் எழுதினேன்: அயல் ஆக்கிரமிப்புத் தாவரம், அகற்றப்பட வேண்டியது. கலைக்களஞ்சியம் விவரம்தான் சொல்ல வேண்டும், உத்தரவு போடக்கூடாது. புதிதாக வருகிறவர்களுக்கு இதை நான்தான் பாடம் எடுப்பேன்.

எழுதினதையாவது சீமைக்கருவேலத்தின் பெயரில் எழுதினேனா? அதன் கீழ் மூன்று நான்கு வகைகள் இருக்கின்றன, ஒவ்வொன்றுக்கும் தனித்தனியாக எழுத வேண்டும், யார் மெனக்கெடுவது என்று, ஒரு படி மேலே ஏறி, பேரினத்தின் பெயரில் எழுதினேன். பெற்றோரின் பெயரில். அந்தப் பேரினத்தின் கீழ் பதினொரு பக்கங்கள் இருந்தன.* பதினொன்றின் தலையிலும் சிவப்புப் பட்டை ஏறிக்கொண்டது. அதில் ஒன்று வன்னி.

* தாவரவியலாளர்கள் சில வருடங்களுக்கு முன்பே சீமைக்கருவேலத்தை அந்தப் பேரினத்திலிருந்து பிரித்து வேறொன்றில் வைத்துவிட்டார்கள். வன்னி பழைய இடத்திலேயே இருக்கிறது. எங்கள் தரவில் இரண்டும் இன்னும் ஒரே வீட்டில் இருந்தன. பிரித்து எழுத வேண்டும் என்று ஒரு சீட்டில் குறித்து மேசைக் கண்ணாடிக்கு அடியில் வைத்திருந்தேன். சீட்டு இன்னும் அங்கேதான் இருக்கிறது.

கலைக்களஞ்சியத்தில் எதுவும் மறையாது. ‘வரலாறு’ என்று ஒரு பொத்தான் உண்டு. யார், எப்போது, என்ன மாற்றினார் என்று காட்டும். ஹாரிஸ் போனை வைத்தவுடன் அதை அழுத்தினேன். யாரையாவது பிடிக்கலாம் என்ற வெறியில்தான் அழுத்தினேன். சென்ற ஆண்டு ஜனவரி இருபத்து மூன்று, மாலை நான்கு பத்து. பயனர்: கரிசல்பூ. தொகுப்புச் சுருக்கம்: ‘எல்லாப் பக்கங்களுக்கும் ஒரே இடத்தில். பராமரிப்பு எளிது.’

கரிசல்பூ நான்தான். இந்தக் கதை பிறந்தது அந்த வரியிலிருந்து. பதினான்கு மாதமாக வன்னியின் தலையில் அந்தப் பட்டை இருந்திருக்கிறது. நான் ஒருமுறைகூட வன்னியின் பக்கத்தைத் திறந்து பார்க்கவில்லை. பார்க்க வேண்டிய தேவை இல்லாமல் செய்வதற்குத்தானே எட்டு மாதம் உழைத்தோம்.

3 (மறுபடியும்)

பத்து நாற்பதுக்குத் திருத்தினேன். ஒரு வரியை அழித்தேன், சேமித்தேன். பதினொரு பக்கமும் ஒரு நொடியில் சரியாகிவிட்டன. வன்னியின் பக்கத்தைத் திறந்தேன். பச்சைப் பசேலென்று, தனக்கு எதுவுமே நடக்காதது மாதிரி நின்றது. அந்தத் திரையை ஓங்கிக் குத்தலாம் என்று வந்தது.

சதீஸ்குமாரை அழைத்துச் சொன்னேன்.

“சரி பண்ணியாச்சுல்லக்கா? பதினொண்ணும் சரியாயிருச்சு. அதான் ஆட்டோமேட்டிக்கோட அருமையே. கையால போட்டிருந்தா இத்தனையும் திருத்த ஒரு மணி நேரம் ஆகும்.”

“மரம் விழுந்துருச்சுடா.”

“அது வெளில நடந்ததுக்கா. அதுக்கு நம்ம என்ன பண்ண முடியும்?”

[இங்கே சதீஸ்குமாரைத் திட்டி இரண்டு பக்கம் எழுதினேன். ‘வெளியே’ என்ற சொல்லை வைத்துக்கொண்டு பிரமாதமாகத் திட்டியிருந்தேன். அடித்துவிட்டேன். அவன் எனக்கு ஒரு கருவி கொடுத்தான். தவறான இடத்தில் கையை வைத்தது நான். அவனைத் திட்டுகிற ஒவ்வொரு வரியிலும் நான் கொஞ்சம் வெள்ளையாகிக்கொண்டே போனேன்.]

5

நான்காம் பகுதி இல்லை. அதில் தங்கமாரியின் கடந்த காலத்தைக் கற்பனையாக எழுதியிருந்தேன். அவளைக் கேட்காமல் எழுதியதால் எடுத்துவிட்டேன்.

தங்கமாரி கொடுத்த புகாரின் மேல் வெள்ளிக்கிழமை விசாரணை. அலுவலகத்தின் பெயரை எழுதி, அழித்துவிட்டேன். அங்கே இருந்த அதிகாரி கெட்டவர் இல்லை. காகிதத்தைப் படித்துவிட்டுப் பேசுகிற மனிதர்.

நானும் போயிருந்தேன். பேச அல்ல, சும்மா. கதவோரம் நின்றேன். முந்தின நாள் மத்தியானம் கல்லூரி முதல்வர் என்னைக் கூப்பிட்டு, அந்தப் பயிற்சி முகாமின் சான்றிதழில் கல்லூரியின் பெயர் இருக்கிறது என்று ஞாபகப்படுத்தியிருந்தார். “நீங்க எதுலயும் தலையக் குடுக்காதீங்கம்மா. ஜூன்ல உங்க ஆர்டரப் புதுப்பிக்கணும்ல?” அவ்வளவுதான் சொன்னார். மிரட்டல் என்றுகூடச் சொல்ல முடியாது. டீ வாங்கிக் கொடுத்தார்.

அதிகாரி தன் போனையும், ஒப்பந்த நிறுவனம் முன்பே எடுத்துவைத்திருந்த வன்னிப் பக்கத்தின் அச்சுத்தாளையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தார்.

“இந்தத் தாள்ல செவப்பாப் போட்டிருக்கு. இப்ப போன்ல பாத்தா இல்ல. வியாழக்கிழம பத்து நாப்பதுக்குக் கரிசல்பூனு யாரோ எடுத்திருக்காகனு காட்டுது. மரம் விழுந்தது பத்து மணிக்கு. இந்தம்மா புகார் குடுத்தது பன்னெண்டு மணிக்கு. நடுவுல யாரு மாத்துனது?”

“அதுல யாரு வேணாலும் மாத்தலாம் சார்,” என்றார் நிறுவனத்துக்காரர். “வேணுங்கிறவுக மாத்தியிருப்பாக.”

அதிகாரி தங்கமாரியைப் பார்த்தார். “ஒங்க ஆளுக யாராச்சும் மாத்துனாகளாம்மா?”

தங்கமாரி இடுப்பிலிருந்து தன் போனை எடுத்துக் காட்டினாள். பொத்தான் வைத்த பழைய போன். பின்பக்கம் ரப்பர் வளையம் போட்டுக் கட்டியிருந்தது.

“இதுல பேச மட்டுந்தான் சார் முடியும். அதுவும் கத்திப் பேசணும்.”

சிலர் சிரித்தார்கள். அவள் சிரிக்கவில்லை. “சார், அது வன்னி. ஆடு குழையத் திங்குது. கருவ எலைய ஆடு மோந்துகூடப் பாக்காது. இதுக்கு மேல என்னத்த சார் நான் காட்டணும்?”

“வன்னினு இவுகளும் ஒத்துக்கிறாகம்மா. வன்னி எடுக்க வேண்டிய வகையா இல்லையானுதான் கேள்வி. நேத்து ஒண்ணு சொல்லுது, இன்னிக்கு ஒண்ணு சொல்லுது. இதுல எது சரின்னு பொறுப்பான ஆளு யாராச்சும் வந்து சொல்லணும். செவ்வாக்கிழம பதினொரு மணிக்கு வாங்க. அதுக்குள்ள ஒண்ணும் வரலேன்னா நான் தாள்ல உள்ளபடிதான் போகணும். மீதி மூணையும் எடுத்துருவாக.”

பொறுப்பான ஆள். நான் அவர் மேசையிலிருந்து நான்கடி தூரத்தில் இருந்தேன். வாய் திறந்தால் போதும். நான் அவசரமாகச் செய்த திருத்தம் அவள்மேல் சந்தேகமாகத் திரும்பி நின்றதைக் கண்ணால் பார்த்தேன். வாயைத் திறக்கவில்லை. ஹாரிஸ் என்னைப் பார்த்தான். அவனை அன்று காலைதான் வேலையிலிருந்து நிறுத்திவைத்திருந்தார்கள். அவனுக்குத் தெரியும், கரிசல்பூ யார் என்று. அவனும் சொல்லவில்லை. என் மானத்தைக் காப்பாற்ற அவன் வாயை மூடிக்கொண்டான். அந்தப் பையனைத்தான் கறுப்புக் கண்ணாடி மாட்டி வில்லனாக்கப் பார்த்தேன்.

6

சனிக்கிழமை பஸ்ஸில் திருச்சுழி, அங்கிருந்து ஷேர் ஆட்டோ, அப்புறம் நடை. வழி நெடுக இரண்டு பக்கமும் சீமைக்கருவேலம் கிளை நீட்டிக்கொண்டு நின்றது. எடுக்க வேண்டியதெல்லாம் அப்படியே நின்றது.

தங்கமாரி புஞ்சையில் இருந்தாள். விழுந்த மரங்களின் மேல் ஏறி நின்று அரிவாளால் குழையைக் கழித்துக்கொண்டிருந்தாள். பதினான்கு ஆடுகளும் விழுந்த வன்னியைத் தின்றுகொண்டிருந்தன. பத்தடி தள்ளி, ஜேசிபி குவித்துப்போட்ட கருவைக் குவியல். அதன் பக்கம் ஓர் ஆடுகூடப் போகவில்லை.

“வாங்க டீச்சர்,” என்றாள். “நேத்து ஆபீஸ்ல கதவுகிட்ட நின்னீகள்ல?”

“ஆமாக்கா.”

“யாரோ நம்மளுக்காக வந்திருக்காகனு நெனச்சேன். அப்பறம் ஒண்ணுஞ் சொல்லாமப் போயிட்டீக.” அரிவாள் நிற்கவில்லை. “இந்தக் குழை நாலு நாளைக்கு வரும். அப்பறம் அந்த மூணுதான்.”

நின்றபடியே சொல்லிவிட்டேன். உட்கார்ந்தால் சொல்லியிருக்க மாட்டேன். “அந்தச் செவப்புப் பட்டையப் போட்டது நான்தான்க்கா. எடுத்ததும் நான்தான்.”

அவளுக்கு விளங்கவில்லை. பெட்டியைப் பற்றிச் சொன்னேன். ஒவ்வொரு மரத்துக்கும் ஒரு தாய் உண்டு, தாயின் பெயரில் எழுதினால் பிள்ளைகளுக்கெல்லாம் தானாகவே போய்ச் சேர்ந்துவிடும், நான் கருவையை நினைத்துக்கொண்டு தாயின் பெயரில் எழுதிவிட்டேன் என்று.

“பிள்ளைய யாரும் பாக்கலையா?”

“பாக்க வேண்டியதில்லக்கா. அதுக்குத்தான் அந்த ஏற்பாடே.”

அரிவாள் நின்றது. மரத்திலிருந்து இறங்கி என் முன்னால் வந்து நின்றாள்.

“ஆத்தா அப்பன் இன்னாரு, அதனால பிள்ள இன்ன மாதிரின்னு எழுதுறதுக்கு மிஷினு வேற செஞ்சிருக்கீகளா? எங்கள அப்படித்தான எழுதி வச்சிருந்தாக. எங்கய்யா அடுத்தவுக காட்டுல கூலிக்கு நின்னவரு. அதுக்காக என்னையப் பள்ளிக்கூடத்துல எங்கிட்டு உக்கார வச்சாகனு கேளுங்க. என் மூஞ்சிய யாரு பாத்தாக? எனக்கு வாய்ப்பாடு பதினாறு வரைக்கும் வரும். யாரு கேட்டாக?”

[இதை அவள் சொன்னபோது, இதுதான் கதையின் உச்சம் என்று எனக்குள் ஒருத்தி குறித்துக்கொண்டாள். அந்த ஒருத்தியை எனக்குப் பிடிக்கவில்லை. ஆனால் எழுதாமல் விட்டால் அது இன்னொரு திருட்டு. அழகான ஏற்பாடு என்று மூன்றாம் பகுதியில் எழுதியிருந்தேன். அதை அழிக்கவில்லை. அப்படி நினைத்தவள் நான்தான் என்பது அங்கேயே இருக்கட்டும்.]

“கதையெல்லாம் எழுதுவீகளாம்ல? ஹாரிசு தம்பி சொல்லுச்சு.”

“எழுதுவேன்.”

“இதையும் எழுதுவீக.” அவள் கேட்கவில்லை, சொன்னாள். “எழுதுங்க. செவ்வாக்கிழம வந்து வாயாலயும் சொல்லுங்க. பொட்டி சொல்லுச்சு, மிஷினு சொல்லுச்சுனு சொல்லக்கூடாது. ஒங்க பேரச் சொல்லி, நான் போட்டேன், பாக்காமப் போட்டேன்னு சொல்லணும். ஒங்க வேல இருந்தா இருக்கட்டும், போனாப் போகட்டும். அது ஒங்க பாடு. இந்த மூணு என் பாடு.”

தண்ணீர் வேண்டுமா என்று கேட்கவில்லை. இந்தப் பக்கத்தில் யார் வீட்டுக்குப் போனாலும் முதலில் சொம்பு வரும். எனக்கு வரவில்லை. சரியாகத்தான் செய்தாள்.

7

இன்று திங்கட்கிழமை. ஆய்வக மேசையில் உட்கார்ந்து முடிவுகளை எழுதிப் பார்க்கிறேன்.

முடிவு ஒன்று. தங்கமாரி செவ்வாய்க்கிழமை வெள்ளாட்டைப் பிடித்துக்கொண்டு அலுவலகத்துக்குள் வருகிறாள். மேசை மேல் ஒரு கொத்து வன்னி, ஒரு கொத்துக் கருவை. ஆடு வன்னியைத் தின்கிறது. கருவையை முகர்ந்துவிட்டுத் தலையைத் திருப்பிக்கொள்கிறது. கடைசியில் அந்த அச்சுத்தாளையும்

[வேண்டாம். நீங்கள் கைதட்டுவீர்கள் என்று தெரியும். எனக்கே பிடித்திருக்கிறது. ஆடு ஜெயித்தால் நான் வாய் திறக்க வேண்டியதில்லை. அதனால்தான் பிடித்திருக்கிறது. தவிர, அது வன்னி என்பதில் அங்கே யாருக்கும் சந்தேகமே இல்லை. வன்னியைக் குற்றவாளி என்று எழுதியது யார் என்பதுதான் கேள்வி. அதற்கு ஆட்டால் பதில் சொல்ல முடியாது.]

முடிவு இரண்டு. இது கற்பனை இல்லை, இன்று காலை மின்னஞ்சலில் வந்துவிட்டது. சதீஸ்குமார் அனுப்பிய கடிதம். ‘தொழில்நுட்பக் கோளாறு காரணமாக மேற்படி பக்கத்தில் தவறான தகவல் சில காலம் காட்டப்பட்டது. அது இப்போது சரிசெய்யப்பட்டுள்ளது. பயனர்கள் முடிவெடுக்கும் முன் வேறு ஆதாரங்களையும் பார்க்கும்படி கேட்டுக்கொள்கிறோம்.’ கீழே ‘தன்னார்வலர் குழு’ என்று இருக்கிறது. யார் பெயரும் இல்லை. நல்ல மனதோடுதான் எழுதியிருக்கிறான். இதைக் கொடுத்தால் மூன்று மரமும் பிழைத்தாலும் பிழைக்கலாம். என் வேலையும் பிழைக்கும். ‘வேறு ஆதாரங்களையும் பார்க்கும்படி’ என்ற இடத்தில் ஹாரிஸ் மாட்டுவான். பார்க்காதது அவன் குற்றமாகிவிடும். ‘காட்டப்பட்டது’ என்று எழுதியிருக்கிறானே, யாரால்? கோளாறு என்ற ஒருவர் வந்து மாலை நான்கு பத்துக்கு என் மேசையில் உட்கார்ந்து தட்டச்சு செய்துவிட்டுப் போனாரா?

அந்தக் கடிதத்தை இன்னும் அழிக்கவில்லை. அதையும் உங்களிடம் சொல்லிவிட வேண்டும். அச்செடுத்து, மடித்து, கைப்பையில் வைத்திருக்கிறேன்.

8

இம்மாதிரிக் கதைகளில் முடிவை வாசகரிடம் விட்டுவிடுவது வழக்கம். நான் விடமாட்டேன். உங்களை நம்பி விட முடியாது. இவ்வளவு நேரம் என் புலம்பலைக் கேட்டிருக்கிறீர்கள், உங்களுக்கு இரக்கம் வந்திருக்கும். உங்கள் கையில் கொடுத்தால் செவ்வாய்க்கிழமை என்னை அங்கே கொண்டுபோய் நிறுத்துவீர்கள், பேசவைப்பீர்கள், ஹாரிஸுக்கு வேலையைத் திருப்பிக் கொடுப்பீர்கள், தங்கமாரியின் கையில் ஒரு சொம்புத் தண்ணீரைக் கொடுத்து என்னிடம் நீட்டச் சொல்வீர்கள். நான் பேசாமலேயே பேசியவளாகிவிடுவேன். பாவத்தைக் கழுவ இதைவிடச் சுலபமான தானியங்கி இல்லை.

அங்கே சொல்ல வேண்டியதை இங்கே ஒருமுறை எழுதிப் பார்க்கிறேன். என் பெயர் சத்யபிரியா. வன்னி மரத்தை ஆக்கிரமிப்புத் தாவரம் என்று எழுதியது நான். மரத்தைப் பார்க்காமல் எழுதினேன். ஹாரிஸ் மேல் தவறில்லை. தங்கமாரி எதையும் மாற்றச் சொல்லவில்லை. பேரினம், பெட்டி, பெற்றோர் எதையும் இழுக்காமல் ஐந்தே வாக்கியம். எழுதும்போது கை நடுங்கவில்லை. எழுத்தில் எனக்கு எப்போதுமே கை நடுங்கியதில்லை, ஜனவரி இருபத்து மூன்றாம் தேதியும் நடுங்கவில்லை.

இது எழுதியாகிவிட்டதால் சொல்லியாகிவிட்டது என்று நீங்கள் நினைக்கக்கூடாது. நானும் நினைக்கக்கூடாது. நாளைக் காலை ஒன்பதே முக்காலுக்கு அருப்புக்கோட்டை பஸ் நிலையத்தில் திருச்சுழி பஸ் நிற்கும். அதே நேரத்துக்கு ஆய்வகத்தில் இரண்டாம் ஆண்டு செய்முறை வகுப்பும் இருக்கிறது.

விசாரணை பதினொரு மணிக்கு. நான் வந்தாலும் வராவிட்டாலும், தங்கமாரி பத்து மணிக்கே வந்து அந்த வராந்தாவில் உட்கார்ந்திருப்பாள்.